சுரமில்லாமல் ஊதுகிறவர்கள்

கொழுந்தன் தரவேண்டியது ஒரு லட்சத்துப் பதினாறாயிரத்து ஐந்நூறு.

கிளாரினெட் வாங்கக் கொடுத்த பணம். அவள் புருஷன் கல் அறுக்கும் பட்டறையில் முன்பணமாக வாங்கியது. அதைக் கழிக்க இரண்டு வருஷம் ஞாயிற்றுக்கிழமைகூடப் பார்க்காமல் கல் அறுத்தார். தம்பி ஊத ஊத அண்ணன் நெஞ்சில் கல்தூள் ஏறியது.

இப்போது அவர் இல்லை. மகளுக்கு நர்சிங் படிப்பில் இடம் கிடைத்திருக்கிறது. பணம் கட்ட நாளையோடு கெடு முடிகிறது. போன் செய்தபோது கொழுந்தன், "ஒத்திகைக்கே வந்துடுங்க அண்ணி, கைல தர்றேன். உங்கள ஒண்ணு கேக்க வைக்கணும்" என்றான்.

சலவைக்கூடத்தில் அரைநாள் லீவு சொல்லிவிட்டு வந்து, கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்தாள்.

மேடையில் முப்பது பேர் இருப்பார்கள். எல்லாம் ஊதுகிற வாத்தியம். பளபளக்கும் பித்தளை, கறுப்புக் குழல், ஆளையே விழுங்கிவிடும்போல வாய் பிளந்த ஒன்று. எதிரில் கொழுந்தன், கையில் குச்சியோடு. அவன் எழுதிய இசையாம்.

குச்சி அசைந்தது. பாட்டு வரவில்லை.

வெறும் காற்றுதான் வந்தது. வாயை வைத்து, சுரம் எழும்பாமல் உஸ்ஸென்று ஊதினார்கள். ஒருத்தி குழலுக்குள் எச்சிலைக் கொப்புளிப்பதுபோல ஏதோ செய்தாள். ஒருவர் ஊதவே இல்லை. பொத்தான்களை மட்டும் அமுக்கி அமுக்கி விட்டுக்கொண்டிருந்தார்.

துடைப்பத்தோடு பக்கத்தில் நின்ற காவலாளி குனிந்து சொன்னார்: "ஒரு வாரமா இதேதாம்மா. குழாய்ல தண்ணி வர்றதுக்கு முன்னாடி ஒரு சத்தம் வருமே, அதுக்கு இத்தன பேரு. சம்பளம் வேற."

அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. கையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

சிரிப்பு பாதியில் நின்றது.

இரண்டு குட்டி இழுப்பு. ஒரு நீள விசில். சளி புரளுகிற கரகரப்பு. கொஞ்சம் ஒன்றுமில்லை. மறுபடி இரண்டு குட்டி இழுப்பு.

அவர் மூச்சு.

அடுப்படியில் நின்றாலும் ஒரு காதைக் கட்டிலருகே விட்டுவிட்டு வேலை பார்த்தவள். அவளுக்குத் தெரியாமல் போகுமா?

கடைசி மாதங்களில் கொழுந்தன் தினமும் வந்து அண்ணன் பக்கத்தில் உட்கார்ந்திருப்பான். கூடப்பிறந்தவன் என்றால் இப்படி இருக்கவேண்டும் என்று தெருவே மெச்சியது. போனைத் தலையணை ஓரம் வைத்திருப்பான். எதற்கென்று அவள் கேட்டதில்லை.

அதில் பதிந்து எடுத்திருந்தால் எடுத்துவிட்டுப் போகட்டும். அந்த மூச்சாவது மிஞ்சியதே. கண் நிறைந்தது. அந்த ஒரு நிமிஷம் கொழுந்தன்மேல் அவளுக்குப் பாசம்கூட வந்தது.

அப்போது பொத்தான்காரர் தட்டினார். டொக் டொக். டொக் டொக்.

கட்டில் கம்பியில் அவர் தட்டுவது அப்படித்தான். ஆனால் சும்மா தட்டமாட்டார். ஆக்சிஜன் மிஷின் ராப்பகலாக இரைந்துகொண்டிருக்கும். மின்சாரம் போய் அது நின்றால் மட்டும்தான் தட்டுவார். கூப்பிட மூச்சு இருக்காது. அவள் போட்டது போட்டபடி ஓடிவந்து சிலிண்டர் குழாயை மாட்டிவிடுவாள். அவள் வீட்டில் இருந்த வரை, அவர் தொடர்ந்து தட்டும்படி ஆனதில்லை.

இங்கே தட்டுவது நின்றபாடில்லை. வேகம் எடுத்தது. தாறுமாறானது. பிறகு தளர்ந்தது. டொக். வெகுநேரம் கழித்து, டொக்.

வேலையை விட்டுவிட்டு வீட்டோடு கிடந்த அந்த நாட்களில், அவரைத் தனியே விட்டுப் போனது ஒரே ஒரு மத்தியானம். மருந்து தீர்ந்துவிட்டது, போய் வாங்கிட்டு வாங்க, நான் பாத்துக்கறேன் என்று அனுப்பியது கொழுந்தன்தான். திரும்பி வந்தபோது எல்லாம் முடிந்திருந்தது. தூக்கத்திலேயே போய்விட்டார் என்றான். மிஷின் பாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தது.

தெருமுனை மருந்துக்கடையில் அன்று கூட்டம். நின்ற நேரமெல்லாம் தலைக்கு மேலே மின்விசிறி சுற்றிக்கொண்டே இருந்தது.

இடைவேளை விட்டதும் கொழுந்தன் பண உறையோடு இறங்கி வந்தான். முகமெல்லாம் பூரிப்பு.

"எப்படி அண்ணி? முழுக்க அண்ணன் மூச்சு. இதுக்குத்தான் பரிசே குடுத்திருக்காங்க."

"அன்னிக்குக் கரண்ட் போகலியே" என்றாள்.

அவன் உறையை இந்தக் கையிலிருந்து அந்தக் கைக்கு மாற்றினான்.

"மிஷின் இரைச்சல்ல மூச்சு சரியாக் கேக்கல அண்ணி. கொஞ்ச நேரந்தான் நிறுத்தினேன். அப்புறம் போட்டுட்டேன்."

அந்த உறையை அவன் முகத்தில் விட்டெறியலாம். நாளைக்குக் கெடு.

உறையை வாங்கிப் பிரித்தாள். நின்ற இடத்திலேயே எண்ண ஆரம்பித்தாள். மேடையில் எல்லாரும் வாத்தியத்தைத் தூக்கிக்கொண்டு தயாராகிவிட்டார்கள்.

"வீட்ல போய் எண்ணிக்கலாமே அண்ணி. எல்லாரும் பாக்கறாங்க."

விரலை நாக்கில் தொட்டு, முதல் நோட்டிலிருந்து மறுபடி எண்ணினாள். கூடம் முழுக்க நோட்டு புரளுகிற சத்தம் மட்டும் கேட்டது.

கணக்குக்கு மேலே கொஞ்சம் சேர்த்து வைத்திருந்தான். அதைத் தனியே எடுத்து அவன் சட்டைப்பையில் செருகினாள்.

"கடன் தீந்துச்சு" என்றாள். "இனிமே என்னைய அண்ணின்னு கூப்பிடாத."