ஆளில்லாத பெயர்

புதிதாக வந்த ரோஸ்லின் மிஸ் கணினி முன்னால் உட்கார்ந்திருந்தார். எல்லோர் கையிலும் பள்ளிக்கூட டேப்லெட்; பையன்கள் சன்னல் பக்கம், பெண்கள் சுவர்ப் பக்கம், முதல் பெஞ்சின் ஓரத்தில் முத்தரசி. அவளுக்குப் பக்கத்து இடம் காலி. எந்தப் போட்டியிலும் முதலிடம் பிடிக்கும் சங்கவி கால் ஒடிந்து ஆஸ்பத்திரியில் கிடந்தாள்.

போன வாரம் ஆன்லைன் வினாடி வினாவுக்குள் யாரோ ஏவிய பாட்கள் என்ற தானியங்கி நிரல்கள் நூற்றுக்கணக்கான பொய்ப் பெயர்களில் புகுந்து ஆட்டத்தைக் கெடுத்திருந்தன. அதனால் மிஸ் புது விதியை வினாடி வினாத் திரையிலேயே எழுதிப் போட்டார்: திரையில் பெயர் வந்ததும் எழுந்து நிற்க வேண்டும், ஆளில்லாத பெயர் நீக்கப்படும். ஜெயிப்பவருக்கு மாவட்டப் போட்டி.

‘சங்கவி’ என்று வந்தது. யாரும் எழவில்லை.

“அவ ஆஸ்பத்திரில இருக்கா மிஸ், அவகிட்ட போன் கிடையாது,” என்றாள் முத்தரசி. “எவனோ அவ பேர்ல பாட் விட்டிருக்கான்.”

சங்கவியின் போன் எண் வகுப்பில் எல்லோரிடமும் இருந்தது. ஒருவரும் வாய் திறக்கவில்லை.

மிஸ் நீக்கினார். அடுத்த பெயராக ‘நான்தான் மிஸ்’ என்று வந்தது.

“ஏல, பாட் கெஞ்சுதுலே,” என்றது சன்னல் பக்கம். வகுப்பே சிரித்தது. நீக்கினார். ‘எந்திரிக்க முடியல மிஸ்’ என்று வந்தது.

மிஸ் கொஞ்ச நேரம் அதையே பார்த்தார். “நல்லாத்தான் பழக்கி விட்டிருக்கானுவ,” என்று அதையும் நீக்கினார்.

முத்தரசி ஜெயித்தாள்.

மாலையில் மிஸ் சங்கவிக்கு ஆறுதலாக ஒரு கடிதம் எழுதினார்: ‘நீ கலந்துகொள்ள முடியாமல் போனதில் எங்கள் எல்லோருக்கும் வருத்தம்.’

“ஆஸ்பத்திரி எங்க வீட்டுக்குப் போற வழிதான் மிஸ்,” என்றாள் முத்தரசி. மிஸ் உறையின் ஓரத்தை நாக்கால் நனைத்து, அழுத்தி ஒட்டி, அவள் கையில் கொடுத்தனுப்பினார்.