பதிலுக்கு ஒரு கட்டைவிரல்

“தம்பி, இந்த போன்ல என்ன கோளாறுன்னு பாருப்பா. பத்து நாளா என் பையன்கிட்டேர்ந்து ஒரு போனும் வரல.”

செல்போன் கடைக்காரர் வாங்கிப் பார்த்தார். “போன் நல்லாத்தான்மா இருக்கு. மருமக மெசேஜெல்லாம் வந்திருக்கே!”

“அவ வேற தேசத்துப் பொண்ணு. அவ பாஷை எனக்கு ஒரு எழுத்து தெரியாது. ‘எது அனுப்பினாலும் ஒரு கட்டைவிரல் பொம்மையப் போட்டுடும்மா, சந்தோஷப்படுவா’ன்னு பையன்தான் சொல்லிக் கொடுத்தான். வந்த கையோட போட்டுடுவேன். மாமியாருக்குத் தன்னைப் புடிக்கலன்னு அவ நெனச்சிடக் கூடாதில்ல?”

“இத நம்ம பாஷைக்கு மாத்திப் படிக்கலாம்மா.” கடைக்காரர் திரையைத் தொட்டார். முதலில் தானே மனதுக்குள் படித்துப் பார்த்தார்.

‘அம்மா, அவருக்கு நினைவு திரும்பவில்லை. இனிப் பயனில்லை என்கிறார் டாக்டர். மூச்சுக் கருவியை எடுக்கலாமா? நீங்கள் சம்மதிக்காமல் எடுக்க விடமாட்டேன்.’

கீழே, மஞ்சள் கட்டைவிரல்.

‘நன்றி அம்மா. அமைதியாகப் போய்விட்டார்.’

அதற்குக் கீழேயும் ஒன்று.

“என்ன தம்பி பேச மாட்டேங்கிற? நான் போட்டதெல்லாம் அவளுக்குச் சரியாப் போய்ச் சேர்ந்திருக்கில்ல?”