மாப்பிள்ளை பேசினால் ஒளிரும் காளான்

இதில் ஒரு சொல் பொய்யென்றாலும் என் நாக்கு அழுகிப் போகட்டும். நான் வேலை பார்த்த உப்புக் குகையின் சுவரெங்கும் ஒரு வகைக் காளான் முளைத்திருந்தது. பக்கத்தில் யாராவது பொய் சொன்னால் ஒளிரும். பொய் பெரிதானால் வெளிச்சமும் பெரிதாகும்.

எங்கள் மேஸ்திரி, முதலாளியின் மருமகன். வேறு தகுதி கிடையாது. எல்லாரும் மாப்பிள்ளை என்றே கூப்பிடுவோம். அவர் வந்த நாளிலிருந்து நாங்கள் குகைக்குள் விளக்கு கொண்டுபோனதில்லை.

ஒருநாள் தலையில் உப்புத்தூள் உதிர்ந்தது.

"மாப்பிள்ளை, மேல விரிசல் ஏதும் விட்டிருக்கா?" என்றேன்.

"அதெல்லாம் ஒண்ணுமில்ல. காலையில நானே ஏணி வச்சு ஏறித் தட்டிப் பாத்தேன்."

ஊசியில் நூல் கோக்கிற அளவுக்கு வெளிச்சம் வந்தது.

"நீங்க? ஏணியில?" என்றார் கூடைக்காரர்.

"ஆமாய்யா. உங்க உசிர விட எனக்கு என்ன பெருசு?"

குகை பட்டப்பகலானது. கூரையில் ஆள் நுழையுமளவு விரிசல். பதினோரு பேரும் வெளியே பாய்ந்தோம். முதலில் பாய்ந்தவர் மாப்பிள்ளை. கடைசி ஆள் வெளியே வந்ததும் கூரை உட்கார்ந்துவிட்டது.

அங்கிருந்து ஒரு காளானை வீட்டுக்குக் கொண்டுவந்தேன். இவ்வளவையும் நான் எழுதியது அதன் வெளிச்சத்தில்தான்.