மாரெட்டின் கை

தாலின் நகரில் பொம்மைப்படம் எடுப்பவர் தைவோ. பொம்மையை இம்மியளவு நகர்த்தி, கையை விலக்கிக்கொண்டு ஒரு படம் பிடிக்க வேண்டும். மறுபடி நகர்த்தி இன்னொன்று. காலமெல்லாம் அவருக்காக நகர்த்தியவள் மாரெட். பரிசு வாங்கிய படத்தில் அவள் பெயர் இல்லை. போன குளிர்காலத்தில் செத்துப்போனாள்.

அதன்பிறகு எடுத்த புதுப்படத்தை இன்று போட்டுப் பார்த்தார்கள். நடுவில், கண்மூடித் திறப்பதற்குள், ஒரு கை தெரிந்து மறைந்தது.

"எவனோ கையை எடுக்க மறந்து தொலைச்சிருக்கான் தைவோ," என்றான் படத்தொகுப்பாளன் கைடோ. "வெட்டிடவா?"

மாரெட்டின் அந்தக் கோணல் சுண்டுவிரலைத் தைவோவுக்குத் தெரியும். பரிசுப் படத்தில் அவள் பெயர் வந்த இடத்திலும் கைடோ அன்று இதையேதான் கேட்டான்.

"வெட்டிடுப்பா," என்றார், அன்றுபோலவே.

மறுபடி ஓட்டினார்கள். கை போய்விட்டிருந்தது. படம் முடியும்வரை பொம்மைகள் நின்ற இடத்திலேயே நின்றன.