ஆல்மனர் அறை

"டாக்டர் ஆல்மனரைப் பார்க்கணும்."

சொன்னதும் வாட்ச்மேன் மறுபேச்சில்லாமல் வழிவிட்டார். "நேராப் போய் இடது பக்கம் கடைசி ரூம். கூட்டமா இருக்கும், பெஞ்சில உட்காருங்க."

"அதென்ன ஆல்மனர்? பேரே விநோதமா இருக்கே."

"அந்தக் காலத்துப் பெரிய டாக்டர் பேருன்னு சொல்றாங்க. லேப்காரர் அது கதவு செஞ்ச கம்பெனி பேருங்கறார். நமக்கெதுக்கு சார்? இப்ப இருக்கறது ஒரு அம்மா."

வந்தவர் மருத்துவமனையின் தலைமை அலுவலக அதிகாரி. ஒரு கிளார்க் அம்மா 'டாக்டர் ஆல்மனர்' என்ற பேரில் அறை போட்டு உட்கார்ந்து நோயாளிகளைப் பார்ப்பதாக அலுவலகத்துக்கு ஃபோனில் புகார் வந்திருந்தது. பேசியவர் பேர் சொல்லவில்லை. கையும் களவுமாகப் பிடிக்க வேண்டும் என்று, யாரிடமோ இரவல் வாங்கிய எக்ஸ்ரே கவரோடு வந்திருந்தார்.

அறைக் கதவில் பித்தளைத் தகடு. ஆங்கிலத்தில் ஒரே ஒரு சொல். அதைப் பார்த்ததும் அவருக்குச் சிரிப்பு வந்தது. பழைய ஆங்கிலச் சொற்கள் என்றால் அவருக்கு உயிர்.

உள்ளே கூரை வரை பழைய ஃபைல்கள். நடுவில் ஒரு மேஜை. மேஜைக்குப் பின்னால் மூக்குக்கண்ணாடி போட்ட அம்மா. எதிரே ஒரு பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள்.

"டாக்டரம்மா, நாளைக்கு அவரை டிஸ்சார்ஜ் பண்றாங்க."

"நான் டாக்டர் இல்லைம்மா. எத்தனை தடவை சொல்றது?"

"தெரியும்க்கா. டாக்டர்னு சொன்னாத்தானே வாட்ச்மேன் உள்ள விடறார்?"

சுவரோரம் காத்திருந்த பெஞ்சே சிரித்தது. அதிகாரி மட்டும் எக்ஸ்ரே கவரைச் சரிசெய்துகொண்டார்.

"சரி, டிஸ்சார்ஜ் நல்லதுதானே?"

"காலை எடுத்துட்டாங்களே அக்கா! எங்க வீடு மூணாவது மாடி. லிஃப்ட் கிடையாது."

"கீழ்வீட்டுல யாரு?"

"ஒண்டிக்கட்டை. பெரிய ஹால். ஆனா அவருக்கும் எங்களுக்கும் பேச்சுவார்த்தை இல்லை. தண்ணி மோட்டார் சண்டை."

"நம்பர் இருக்கா?"

"சண்டை போடறதுக்காக வெச்சிருக்கேன்."

அந்த அம்மா ஃபோன் போட்டார். "ஐயா, வணக்கம். ஆஸ்பத்திரியிலேருந்து பேசறேன்... ஆமா, மோட்டார்காரங்கதான்... தப்பு அவங்க மேலயே இருக்கட்டும். அந்த வீட்டுக்காரருக்குக் கால் போயிடுச்சு, தெரியுமா?"

எதிர்முனையில் ஏதோ சொன்னார்கள். அந்த அம்மா ஃபோனை வைத்தார்.

"ஹாலைக் காலி பண்ணித் தர்றாராம். சாயங்காலம் போய்ப் பாரு. மோட்டார் பேச்சை எடுக்காதே. தூக்கி உட்கார வைக்கறதை வார்டு பாய் சொல்லித் தருவார், நான் சொல்லிடறேன்."

அந்தப் பெண் எழுந்தாள். கதவு வரை போய்த் திரும்பினாள். "அக்கா, அவர் என்கூடப் பேசவே மாட்டேங்கறார். சுவரைப் பார்த்துக்கிட்டே படுத்திருக்கார். சாப்பிடறதும் இல்லை. நான் என்ன பண்ணட்டும்?"

அந்த அம்மா மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். "அது எனக்குத் தெரியலைம்மா" என்றார்.

பெஞ்சு காலியாகும் வரை அதிகாரி உட்கார்ந்திருந்தார். பிறகு எழுந்து, தான் யாரென்று சொன்னார்.

அந்த அம்மா பதறவில்லை. நாற்காலியைத் துடைத்துப் போட்டார்.

"கதவுல இருக்கற சொல்லுக்கு என்ன அர்த்தம்னு தெரியுமாம்மா?"

"அகராதியில பார்த்தேன் சார்."

"முன்னெல்லாம் அரண்மனைல, மடங்கள்ல ஏழைங்களுக்குக் கொடுக்கறதைக் கவனிச்சவருக்கு அந்தப் பேரு." அதிகாரிக்கு உற்சாகம் வந்துவிட்டது. "அப்புறம்தான் ஆஸ்பத்திரிக்கு வந்துது. வியாதியை டாக்டர் பார்ப்பார். வியாதியால வர்ற மத்த கஷ்டத்தையெல்லாம் பார்க்கறவர் ஆல்மனர். இப்ப யாரும் அந்தச் சொல்லைச் சொல்றதில்லை, சமூகப் பணியாளர்ங்கறாங்க. இங்கே அந்தப் பதவியை எடுத்து ரொம்ப வருஷமாச்சு. ரூமை ரெக்கார்டுக்குக் கொடுத்தாங்க, தகட்டைக் கழட்ட மறந்துட்டாங்க."

"அதான் சார் வினையே. அர்த்தம் தெரியறவரைக்கும், தகட்டைப் பார்த்து டாக்டர்னு வந்தவங்களை, வழிதவறி வந்துட்டாங்கன்னு திருப்பி அனுப்பிட்டிருந்தேன். தெரிஞ்சப்புறம் முடியலை. சரியான கதவைத்தானே தட்டறாங்க?"

அதிகாரி எக்ஸ்ரே கவரை மேஜைமேல் வைத்தார்.

"நீங்க கவலைப்படாதீங்கம்மா. இப்படி ஒருத்தர் மேல புகார் பண்ண எப்படித்தான் மனசு வந்துதோ! வயிற்றெரிச்சல் பிடிச்சவங்க. யாருன்னு தெரிஞ்சா நாலு வார்த்தை நறுக்குன்னு கேட்பேன். அந்தப் புகாரை இன்னிக்கே மூடிடறேன்."

"மூடிடாதீங்க சார்."

"ஏம்மா? விசாரணைன்னு வந்தா உங்க வேலைக்கே ஆபத்து."

"இருக்கட்டும் சார். போன மாசம் ஒருத்தர், இதே மாதிரி சுவரைப் பார்த்துப் படுத்திருந்தார். சரியாயிடும்னு சொல்லி அவங்க வீட்டாரை அனுப்பிட்டேன். சரியாகலை. எனக்கு ஃபைல் அடுக்கத்தான் தெரியும். இதுக்குன்னு படிச்ச ஒருத்தர் இந்த நாற்காலியில உட்காரணும்."

"அதை முறையா மேலிடத்துல கேட்டிருக்கலாமே?"

"கேட்டேன் சார், பலதடவை. யாரும் காதுல போட்டுக்கலை. டாக்டர்னு ஏமாத்தறாங்கன்னு சொன்னா ஓடி வருவீங்கன்னு தோணுச்சு. அதான் நானே ஃபோன் பண்ணினேன்."