நிற்கத் தெரியாத குரல்

ஒரு கணினிக்குள் இரண்டு கோப்புகள் அருகருகே இருந்தன. திரையில் வரும் எழுத்தைச் சத்தமாகப் படிப்பது குரல் கோப்பின் வேலை. எங்கே நிறுத்த வேண்டும், எவ்வளவு நேரம் நிறுத்த வேண்டும் என்று அதற்குச் சொல்வது நிறுத்தக் கோப்பின் வேலை. பார்வையில்லாத அமலோற்பவம் டீச்சர், வெளியூரில் இருக்கும் மகளின் மின்னஞ்சல்களை அந்தக் கணினியில்தான் கேட்பார்.

குரலுக்கு நிறுத்தத்தைக் கண்டாலே ஆகாது.

"வாயைத் திறந்தால் போதும், பிடித்து இழுக்கிறாய். எனக்கு எவ்வளவு வேலை கிடக்கிறது தெரியுமா?"

"கேட்கிறவருக்கும் கொஞ்சம் நேரம் வேண்டாமா?" என்றது நிறுத்தம்.

ஒருநாள் சுத்தம் செய்யும் நிரல் வந்தது. "இடம் போதவில்லை. இங்கே வேண்டாதது எது?"

"இதுதான். சும்மாவே இருக்கிறது" என்று குரல் பக்கத்தில் கைகாட்டியது. நிரல் நிறுத்தத்தை அழித்துவிட்டுப் போனது.

மறுநாள் மகளின் அஞ்சலும், அதன் பின்னாலேயே ஒரு துணிக்கடையின் விளம்பர அஞ்சலும் வந்தன. குரல் உற்சாகமாக ஓடியது.

"அம்மா இந்தக் குழந்தையும் தங்கவில்லை நான் நன்றாக இருக்கிறேன் நீ அழாதே ஆடித் தள்ளுபடி பட்டுச் சேலைகள் பாதி விலையில்..."

"இரு, கொஞ்சம் இரு" என்றார் டீச்சர். அவர் கை மேசையில் சுவிட்சைத் தேடியது.

குரல் அந்த முகத்தைப் பார்த்தது. முதல்முறையாக அதற்கு நிற்க வேண்டும் போலிருந்தது. எப்படி நிற்பது என்று தெரியாமல், சேலைகளின் நிறங்களை வேகவேகமாகச் சொல்லிக்கொண்டே போனது.