எங்க ஊர் வெளிச்சம்

"இந்த முதல் அர்த்தத்தை அடிச்சிடும்மா. ரெண்டாவது மட்டும் போதும்."

பதிப்பகத்தின் தலைமை ஆசிரியர் சிவப்புப் பேனாவால் மேசையைத் தட்டினார். சொற்களை வெட்டித் தள்ளுவதில் மன்னர் என்பதால், முதுகுக்குப் பின்னால் அவருக்கு 'வெட்டுக்கிளி' என்று பெயர்.

பள்ளிப் பிள்ளைகளுக்கான ஆங்கில–தமிழ் அகராதி அது. பக்கங்கள் மூன்று மணிக்கு அச்சுக்குப் போயாக வேண்டும். அவருக்கும் உதவி ஆசிரியைக்கும் நடுவே சண்டைக்குக் கிடந்தது ஒற்றைச் சொல்: மூன்லைட்.

முதல் அர்த்தம், நிலா வெளிச்சம். இரண்டாவது, பார்க்கிற உத்தியோகம் போக யாருக்கும் தெரியாமல் இன்னொரு வேலையும் பார்ப்பது.

"சார், முதல் அர்த்தத்துலேர்ந்துதான் ரெண்டாவதே பிறந்தது. தாயை வெளியே தள்ளிட்டுப் பிள்ளையை மட்டும் வீட்டுக்குள்ள வெச்சுக்குவீங்களா?"

"உனக்கு அகராதி கொஞ்சம் அதிகம்தாம்மா! வழக்கத்துல இருக்கணுமே? என் மச்சான் நாலு வருஷமா ரெண்டாவது அர்த்தத்துலதான் குடும்பம் நடத்துறான். அதுக்கு ஆயிரம் சீட்டு கிடைக்கும். முதலாவதுக்கு எங்கே சீட்டு?"

சீட்டுதான் அந்த அலுவலகத்தின் சட்டம். ஒரு சொல்லை ஒரு பொருளில் இந்த ஊர்க்காரர் மூன்று பேராவது தாமாகவே பயன்படுத்தியதற்குச் சீட்டு இருக்க வேண்டும். இல்லையென்றால் வெட்டு. அவளிடம் இருந்தவை இரண்டே. ஒன்று அவளே எழுதியது. இன்னொன்று, வேலையை விட்டு இங்கேயே தங்கிவிட்ட கப்பல் மாலுமி ஒருவர் தந்தது. மூன்றாவது சீட்டுக்காக மூன்று மாதம் தெருத்தெருவாக அலைந்துவிட்டாள். கேட்டவர்கள் எல்லோரும் உதட்டைப் பிதுக்கினார்கள்.

"நீங்க அந்த வெளிச்சத்தைப் பார்த்ததே இல்லையா சார்?"

"நான் இங்கேயே பிறந்து வளர்ந்தவன். தெருவுக்கு நாற்பது விளக்கு இருக்கு, அந்த வெளிச்சம்தான் இல்ல. நான் எங்கே போய்ப் பார்க்க?"

அவள் பேனாவை மூடி வைத்தாள்.

"எனக்கு அப்ப ஆறு வயசு. மொட்டை மாடியில ஓடி விழுந்ததுல ஆடிக்கிட்டிருந்த பல் தெறிச்சு எங்கேயோ போயிடுச்சு. கரண்ட் வேற இல்ல. நான் ஊரைக் கூட்டி அழறேன். 'கொஞ்சம் பொறு, வெளிச்சம் வரும்'னார் அப்பா. மேகம் விலகிச்சு பாருங்க... தண்ணித் தொட்டி, கொடிக் கயிறு, என் சுண்டு விரல், எல்லாத்துக்கும் நிழல் விழுது! சூடு இல்ல, சத்தம் இல்ல. தரை முழுக்கச் சுண்ணாம்பு அடிச்ச மாதிரி இருக்கு. அப்பா குனிஞ்சு அந்தப் பல்லை எடுத்து என் உள்ளங்கையில வெச்சார். அரிசி அளவு பல் சார்! இதை யாரு, எவ்வளவு தூரத்துலேர்ந்து நமக்காக அனுப்புறாங்கன்னு நினைச்சு நினைச்சு அழுகையையே மறந்துட்டேன்."

தலைமை ஆசிரியர் வாய் பிளந்து கேட்டுக்கொண்டிருந்தார். கையிலிருந்து நழுவிய தேநீர்க் குவளையை, அது தரையைத் தொடுவதற்குள் நிதானமாகப் பிடித்துக்கொண்டார்.

"புல்லரிக்குதும்மா," என்றார் மெதுவாக. "ஆனா சட்டம்னா சட்டம்தான்."

அவள் அச்சுப் பக்கத்தைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். கணவனின் வேலைக்காக இந்த ஊருக்கு வந்து பன்னிரண்டு வருடம். அப்பா அங்கேயே தங்கிவிட்டார். அந்த வெளிச்சத்தை அவள் அப்புறம் பார்க்கவேயில்லை. அகராதியிலிருந்தும் அது போய்விட்டால், இங்கே பிறந்த தன் மகளுக்கு அப்படி ஒன்று இருந்ததே தெரியாமல் போய்விடும்.

கண்ணைத் துடைக்கக் கைக்குட்டை எடுக்கப் பையைத் திறந்தாள். மகளின் பரீட்சைத் தாள் கூடவே வந்தது. பெற்றோர் கையெழுத்து கேட்டுக் காலையில் திணித்துவிட்டுப் போயிருந்தாள்.

பொருள் எழுதுக: மூன்லைட். கீழே குண்டு குண்டாக மகளின் கையெழுத்து: 'எங்க ஊர் வெளிச்சம்.' பக்கத்தில் பள்ளி ஆசிரியை போட்ட பெரிய முட்டை.

எட்டிப் பார்த்த தலைமை ஆசிரியர் விழுந்து விழுந்து சிரித்தார். "அகராதி எழுதுறவ பொண்ணே இப்படியா! தெரு விளக்கைச் சொல்றா போலிருக்கு. இதுக்குத்தான் அடிச்சிடும்மான்னேன்."

அவள் முகம் சுண்டிப்போயிற்று. வீட்டுக்குப் போனதும் இருக்கிறது கச்சேரி என்று நினைத்தபடி மறுபடியும் படித்தாள். இன்னொரு முறையும் படித்தாள்.

ஒரே தாவில் ஜன்னலருகே போனாள். பகல் நகரவே மாட்டேனென்கிறது என்று ஊரே அலுத்துக்கொள்ளும் பிற்பகல். வெயிலுக்குப் பயந்து எப்போதும் மூடியே கிடக்கும் திரையைச் சரசரவென்று ஏற்றினாள்.

"சார், இவ தப்பா எழுதல. இதான் மூணாவது சீட்டு. இங்க வாங்க!"

அவர் பேனாவும் கையுமாக வந்து பக்கத்தில் நின்றார். வெளியே சாம்பல் நிறப் பொட்டல் வெயிலில் கண்ணைக் கூசச் செய்தது. அதற்கு மேலே, பட்டப்பகலிலும் கன்னங்கரேலென்று இருந்த வானத்தில், மெல்லிய நீலப் பிறையாகத் தொங்கிக்கொண்டிருந்தது பூமி.

"அந்த இருட்டுப் பக்கத்துலதான் சார் எங்க அப்பா வீட்டு மொட்டை மாடி," என்றாள் அவள், பிறையை ஒட்டி இருண்டு கிடந்த பகுதியைக் காட்டி. "அங்க விழற வெளிச்சமெல்லாம், இதோ நாம நிக்கிற இந்தத் தரையிலேர்ந்துதானே போகுது!"